பார்வை நரம்பு செல்லும் எலும்புக் கால்வாய்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நாகர்கோவில் பக்கம் உடற்கூறியல் சொல்லித்தரும் எனக்கு, மண்டையோட்டில் உள்ள ஒரே ஒரு சிறு துளையைப் பற்றிய சந்தேகங்கள் இரண்டு திசைகளிலிருந்து வந்துகொண்டே இருக்கின்றன. மருத்துவம், செவிலியம், கண் பரிசோதனை படிக்கிற பிள்ளைகள் தேர்வு நெருங்கும்போது கேட்கிறார்கள். வண்டியிலிருந்து விழுந்து புருவத்தில் அடிபட்டவரின் வீட்டார் ஸ்கேன் அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு கேட்கிறார்கள். இரு தரப்பாருக்கும் விடை ஒரே இடத்தில் இருப்பதால், கேள்விகளைக் கேட்டவர்களின் வாய்மொழியிலேயே வைத்து, எளியதில் தொடங்கிச் சிக்கலானதை நோக்கிப் போகும்படி இங்கே தொகுத்திருக்கிறேன். நோயாளிக்கான முடிவை அவரை நேரில் பார்க்கும் மருத்துவர்தான் எடுக்க வேண்டும். இந்தப் பக்கம் அவர் சொல்வதைப் புரிந்துகொள்ள மட்டுமே உதவும்.

சாரே, மண்டையோட்டைக் கையில எடுத்தா அந்த ஓட்டையை எப்படிக் கண்டுபிடிக்க?

மேல்மூடி அறுத்து எடுக்கப்பட்ட மண்டையோட்டை முகம் உங்களைப் பார்க்கும்படி பிடித்துக்கொண்டு, ஜன்னல் வெளிச்சம் அதன் பின்பக்கத்திலிருந்து வருமாறு நில்லுங்கள். கண்குழி ஒரு கூம்பு. அதன் அகன்ற வாய் முகத்தில் இருக்கிறது, கூர்முனை உள்ளே பின்னால் இருக்கிறது. அந்தக் கூர்முனையில், மூக்கு இருக்கும் பக்கமாகச் சற்று மேலே, விளிம்பு வழுவழுப்பான ஒரு சிறு வட்டமாக வெளிச்சம் தெரியும். அதுவே பார்வை நரம்பின் கால்வாய். அதற்கு வெளிப்பக்கம், பொட்டு எலும்பின் திசையில் சாய்வாக நீண்டு, ஒரு முனை அகன்றும் மறுமுனை ஒடுங்கியும் தெரிவது மேல் கண்குழிப் பிளவு.

கண்ணால் பார்த்ததை உறுதிசெய்ய ஒரு தென்னை ஈர்க்கிலே போதும். கண்குழியிலிருந்து மெதுவாக உள்ளே விட்டால், அது பின்னோக்கியும் நடுக்கோட்டை நோக்கியும் சற்று மேல்நோக்கியும் சென்று, முன் கிளினாய்டு முனை எனப்படும் கூரான எலும்பு முனைக்கு உள்பக்கமாக மூளை அறையில் தலைகாட்டும். தவறிப்போய்ப் பிளவுக்குள் விட்டிருந்தால் ஈர்க்கில் அந்த முனைக்கும் அதிலிருந்து பக்கவாட்டில் நீளும் இறக்கை போன்ற எலும்புக்கும் கீழே வெளிவரும். எலும்பு அறையில் புத்தகப் படத்தை நூறு முறை பார்ப்பதைவிட இதை ஒரு முறை செய்து பார்ப்பது மேல். ஆனால் அங்குள்ள எலும்பு மெல்லியது. ஈர்க்கிலுக்குப் பதில் கம்பியையோ பேனா முனையையோ விட்டு உடைத்துவிட வேண்டாம்.

இது சும்மா ஒரு ஓட்டையா, இல்ல உள்ளுக்கு நீளம் உண்டா?

நீளம் உண்டு. வளர்ந்தவர்களில் பொதுவாக 8 முதல் 10 மி.மீ. வரை இருக்கும், குறுக்களவு 5 மி.மீ. அளவில் இருக்கும். பிறந்த குழந்தையில் இது மிகக் குட்டையாக, ஏறக்குறைய ஒரு வளையம் போலவே இருந்து, எலும்பு வளர வளர நீளம் பெறுகிறது.

வடிவமும் நெடுகிலும் ஒன்றாக இருப்பதில்லை. மூளைப்பக்க வாய் கிடைமட்டமாகப் படுத்த நீள்வட்டம், நடுப்பகுதி வட்டம், கண்குழிப்பக்க வாய் நிமிர்ந்து நிற்கும் நீள்வட்டம். மூளையிலிருந்து பார்த்தால் இது முன்னோக்கி, வெளிநோக்கி, சற்றுக் கீழ்நோக்கிச் செல்கிறது. உடலின் நடுத்தளத்தோடு ஏறத்தாழ 36 பாகை கோணம் அமைகிறது. சி.டி. ஸ்கேன் பரவலாகும் முன்பு ரீஸ் என்ற கோணத்தில் எக்ஸ்ரே எடுப்பார்கள். மூக்கு, கன்னம், தாடை ஆகிய மூன்றும் பலகையைத் தொடும்படி தலையைத் திருப்பி வைப்பதற்குக் காரணம், கதிர் இந்தச் சாய்ந்த கால்வாயின் நீளவாக்கில் நேராகப் போக வேண்டும் என்பதுதான். அப்படி எடுத்த படத்தில் கண்குழியின் கீழ்-வெளிக் கால்பகுதியில் ஒரு முழு வட்டம் தெரியும்.

நாலு சுவரும் எந்தெந்த எலும்பு? எல்லாம் ஸ்பீனாய்டுதானா?

ஆம், முழுவதும் ஸ்பீனாய்டு எலும்புதான். கண்குழிகளுக்குப் பின்னால், மண்டையோட்டின் அடித்தளத்தில் இறக்கை விரித்தாற்போல் இருக்கும் எலும்பு அது. அந்த எலும்பின் நடு உடலிலிருந்து பக்கவாட்டில் நீளும் சிறிய இறக்கை இரண்டு வேர்களால் உடலோடு ஒட்டியிருக்கிறது. அந்த இரு வேர்களுக்கும் உடலுக்கும் இடைப்பட்ட இடமே கால்வாய். மெல்லிய மேல் வேர் கூரையாகிறது. தடித்த கீழ் வேர் தரையாகவும் வெளிச்சுவராகவும் அமைகிறது. இதற்கு ஆப்டிக் ஸ்ட்ரட் என்று பெயர். மூக்குப் பக்கச் சுவர் எலும்பின் உடலேயாகும்.

இந்த உள்சுவரை மனத்தில் வையுங்கள். அதற்கு அந்தப் பக்கம் ஸ்பீனாய்டு சைனஸ் என்ற காற்றறை இருக்கிறது. இடையில் உள்ள எலும்பு பலருக்கு அரை மி.மீ. தடிமன்கூட இராது, சிலருக்கு எலும்பே இல்லாமல், சைனஸின் சவ்வும் நரம்பின் உறையும் மட்டுமே இடையில் நிற்கும். பின்னால் வரும் சைனஸ் கேள்விக்கு அடிப்படை இதுவே. இன்னொன்று: மூளைப்பக்க வாயில் தரை நீண்டும் கூரை குட்டையாகவும் இருப்பதால், கூரையின் குறையை மூளை உறையின் அரிவாள் வடிவ மடிப்பு ஒன்று நிரப்புகிறது. உலர்ந்த மண்டையோட்டில் அந்த மடிப்பு இராது என்பதால் மாணவர்கள் இதை விட்டுவிடுகிறார்கள்.

உள்ள என்னெல்லாம் போகுது? நரம்பு, தமனி, சிரை மூணும்தானே?

நரம்பும் தமனியும் போகின்றன. கண்ணின் பெருஞ்சிரை இதன் வழியே போவதில்லை. தேர்வில் மிக அதிகமாகப் பிழை நேரும் இடம் இதுவாக இருப்பதால் விரித்தே சொல்கிறேன். கால்வாய்க்குள் இருப்பவை பார்வை நரம்பு, அதைச் சுற்றிய மூன்று மூளை உறைகள், கண் தமனி, தமனியைப் பற்றிச் செல்லும் பரிவு நரம்பிழைகள் ஆகியவை. அந்தச் சிரை, அதாவது மேல் கண் சிரை, பக்கத்துப் பிளவின் வழியே காவர்னஸ் குகை என்ற சிரை இரத்த அறைக்குப் போகிறது.

கண் தமனி, மூளைக்கு இரத்தம் கொண்டுபோகும் உள் கரோட்டிட் தமனி காவர்னஸ் குகையை விட்டு மேலேறியவுடன் அதிலிருந்து கிளைக்கிறது. கால்வாய்க்குள் நரம்பின் கீழாகவும் வெளிப்பக்கமாகவும், அதே தடித்த உறைக்குள் பயணம் செய்கிறது. விழித்திரையின் மையத் தமனி இதன் கிளையாக இருந்தாலும், அது கால்வாய்க்குள் நரம்பைத் துளைப்பதில்லை. கண்குழிக்குள் வந்து, விழிக்கோளத்துக்குப் பின்னால் ஒரு சென்டிமீட்டர் அளவில்தான் நரம்புக்குள் நுழைகிறது.

மூன்று உறைகள் என்று சொன்னது அலங்காரத்துக்காக அன்று. பார்வை நரம்பு மூளையிலிருந்தே வளர்ந்து வெளியே வந்த பகுதி. அதனால்தான் மூளையைச் சுற்றியுள்ள நீர், நரம்பைச் சுற்றி விழிக்கோளத்தின் பின்சுவர் வரை வருகிறது. மூளைக்குள் அழுத்தம் கூடினால் கண்ணுக்குள் பார்த்தே அதை அறிய முடிவதும் இதனால்தான்.

பக்கத்துல ஒரு நீளப் பிளவு உண்டே, அதுல பார்வை நரம்பு போகாதா?

போகாது. மேல் கண்குழிப் பிளவின் வழியே செல்பவை கண்ணை அசைக்கும் மூன்றாம், நான்காம், ஆறாம் மூளை நரம்புகளும், நெற்றிக்கும் கண்ணுக்கும் தொடுவுணர்ச்சி தரும் ஐந்தாம் நரம்பின் முதல் பிரிவின் கிளைகளும், மேல் கண் சிரையும். இரண்டு வாயில்களையும் பிரித்து நிற்பது மேலே சொன்ன ஆப்டிக் ஸ்ட்ரட் என்ற சிறு எலும்புத் தூண்.

இதன் பயன் நோயாளியின் படுக்கையருகே தெரியும். கண் அசையவில்லை, இமை தொங்குகிறது, நெற்றியில் மரமரப்பு இருக்கிறது, ஆனால் பார்வை தெளிவு என்றால் கோளாறு பிளவில் இருக்கலாம். அவற்றோடு பார்வையும் போயிருந்தால் கூம்பின் முனை முழுவதும் பாதிக்கப்பட்டிருக்கலாம். பார்வை மட்டும் போய், கண் நன்றாக அசைகிறது என்றால் சந்தேகம் நரம்பின் மேலும் கால்வாயின் மேலும் திரும்ப வேண்டும்.

ஜின் வளையம்னு ஒண்ணு படிச்சோம். அது கால்வாய்க்கு உள்ளயா வெளியயா?

வெளியே, கண்குழிப்பக்க வாயில். கண்ணை அசைக்கும் நான்கு நேர்த்தசைகளும் தொடங்கும் பொது நார்வளையம் அது. 1755-இல் கண்ணின் உடற்கூற்றை விரிவாக எழுதிய ஜெர்மானியர் யோஹான் காட்ஃபிரீட் ஜின் பெயரைத் தாங்கியது. கால்வாயின் வாயையும் பிளவின் நடுப்பகுதியையும் இந்த வளையம் சேர்த்துச் சூழ்கிறது.

மேல் நேர்த்தசையும் உள் நேர்த்தசையும் தொடங்குமிடத்தில் நரம்பின் உறையோடும் ஒட்டியிருக்கின்றன. நரம்பு வீங்கும் ஆப்டிக் நியூரைட்டிஸ் நோயில் கண்ணைத் திருப்பும்போதெல்லாம் வலிப்பதற்கு இதையே காரணமாகச் சொல்கிறார்கள்.

கண்ணு இவ்வளவு சுத்துதே, நரம்பு இழுபட்டு அறுந்துராதா?

அறாது. பார்வை நரம்பின் மொத்த நீளம் 45 முதல் 50 மி.மீ. வரை. அதில் விழிக்கோளச் சுவருக்குள் 1 மி.மீ., கண்குழிக்குள் 25 முதல் 30 மி.மீ., கால்வாய்க்குள் ஏறக்குறைய 9 மி.மீ., அதன் பிறகு மூளை அறைக்குள் 10 மி.மீ. அளவு. விழிக்கோளத்தின் பின்புறத்திலிருந்து கால்வாயின் வாய்வரை உள்ள நேர்த்தூரம் நரம்பின் கண்குழிப் பகுதியின் நீளத்தைவிடக் குறைவு. ஆகவே நரம்பு நெளிந்து தளர்வாகக் கிடக்கிறது. கரையில் கட்டிய வள்ளம் அலைக்கு ஏறி இறங்கக் கயிற்றைக் கொஞ்சம் விட்டுக் கட்டுவார்களே, அந்தத் தளர்ச்சி அது.

மூளை அறைக்குள்ளும் நரம்பு நீரால் சூழப்பட்டு ஓரளவு அசையக்கூடியதாகவே இருக்கிறது. நடுவே உள்ள அந்த ஒரு சென்டிமீட்டரில் மட்டும் நிலைமை மாறுகிறது. அங்கே நரம்பின் வெளியுறையும் எலும்பின் மேல்சவ்வும் ஒன்றாக இணைந்துவிடுகின்றன. நரம்பைச் சுற்றிய நீரின் இடம் மிகக் குறுகுகிறது. நான்கு புறமும் எலும்பு. முன்னும் பின்னும் ஆடக்கூடிய ஒரு நரம்பு, நடுவில் மட்டும் ஆட இடமில்லாமல் பிடித்து வைக்கப்பட்டிருக்கிறது. இதன் உடற்கூற்றில் ஒரே ஒரு செய்தியைத்தான் நினைவில் வைக்க முடியும் என்றால் இதை வையுங்கள். கீழே வரும் பெரும்பாலான விடைகள் இதிலிருந்தே பிறக்கின்றன.

எங்க அண்ணன் விடியக்காலம் ரப்பர் பால்வெட்டுக்குப் போகும்போது பைக்குல இருந்து விழுந்துட்டாரு. புருவத்துல தையல் போட்டாங்க, கண்ணுல ஒரு கீறல்கூட இல்ல. ஆனா அந்தக் கண்ணு தெரியலங்காரு. அடி நெத்தியிலதானே, கண்ணு எப்படிப் போகும்?

நெற்றியிலும் புருவத்தின் வெளிப்பாதியிலும் விழும் அடியின் விசை, கண்குழியின் கூரை எலும்பு வழியாகப் பின்னோக்கிப் பரவி, கூம்பின் கூர்முனையில், அதாவது கால்வாயைச் சுற்றியுள்ள எலும்பில் போய்க் குவிகிறது. அதே கணத்தில் தலை சட்டென்று நிற்க, மூளையும் விழிக்கோளமும் இன்னும் நகர்ந்துகொண்டிருக்கின்றன. ஆட இடமில்லாத அந்த ஒரு சென்டிமீட்டரில் நரம்பிழைகளும் அவற்றுக்கு உணவூட்டும் நுண்ணிய இரத்தக் குழாய்களும் இழுபட்டுக் கிழிகின்றன. பிறகு அங்கே வரும் வீக்கத்துக்கு விரிய இடமில்லாததால், அது நரம்பையே நெரிக்கிறது. கண்ணில் ஒரு கீறலும் இல்லாமல் பார்வை போவது இப்படித்தான். மருத்துவர்கள் இதை மறைமுக அடியால் வந்த பார்வை நரம்புச் சேதம் என்பார்கள்.

நம் மாவட்டத்தில் இந்தக் கேள்வி ஏன் ஓயாமல் வருகிறது என்பது வெளிப்படை. மார்த்தாண்டம், தக்கலை வழியாகப் போகும் நெடுஞ்சாலையிலும், குலசேகரம் பக்கத்து வளைவுச் சாலைகளிலும் இருசக்கர வண்டிகள் மிகுதி. தென்னையும் பனையும் ஏறுகிறவர்களும் உண்டு. உச்சந்தலையை மட்டும் மூடும் அரைத் தலைக்கவசம் புருவத்தைத் திறந்தே விடுகிறது என்பதை இந்தக் கால்வாயைப் பற்றிப் படித்த ஒவ்வொருவரும் வீட்டில் எடுத்துச் சொல்ல வேண்டும் என்று நான் நினைக்கிறேன்.

ரெண்டு கண்மணியும் ஒரே அளவுலதான் இருக்கு. அப்போ நரம்புக்கு ஒண்ணும் இல்லன்னுதானே அர்த்தம்?

அந்த அர்த்தம் இல்லை. இந்தத் தவறான நம்பிக்கை நேரத்தைக் கெடுக்கிறது. ஒரு கண்ணில் விழும் ஒளியின் செய்தி நடுமூளைக்குப் போய், அங்கிருந்து இரு கண்மணிகளுக்கும் சமமாகக் கட்டளை வருகிறது. ஆகவே ஒரு பார்வை நரம்பு முழுதும் செத்துப்போனாலும், நல்ல கண் வாங்கும் ஒளியே இரு கண்மணிகளையும் ஒரே அளவில் வைத்திருக்கும். கண்மணிகள் அளவில் வேறுபட்டால் நினைக்க வேண்டியது மூன்றாம் நரம்பு, கண்மணித் தசையின் காயம் போன்றவற்றை.

பார்வை நரம்பைச் சோதிக்க டார்ச் விளக்கை ஒரு கண்ணிலிருந்து மற்றதற்கு மாற்றி மாற்றி அடிக்க வேண்டும். அறையை இருட்டாக்கி, நோயாளியைத் தூரத்தில் பார்க்கச் சொல்லி, நல்ல கண்ணில் இரண்டு மூன்று நொடி ஒளி காட்டினால் இரு கண்மணிகளும் சுருங்கும். உடனே விளக்கை அடிபட்ட கண்ணுக்கு நகர்த்துங்கள். ஒளி நேராக விழும்போதே அந்தக் கண்மணி சுருங்குவதை விட்டு விரிந்துகொண்டே போனால், அந்த நரம்பு சரியாகச் செய்தி அனுப்பவில்லை என்று பொருள். நினைவின்றிக் கிடப்பவரிடமும் இதைச் செய்யலாம் என்பது இதன் பெரிய சிறப்பு. இமை வீங்கி மூடுவதற்கு முன்பே, விபத்து நடந்த முதல் மணிகளிலேயே இதைச் செய்து எழுதி வைக்க வேண்டும். உணர்வோடு இருப்பவரானால் ஒவ்வொரு கண்ணாக மூடி விரல்களை எண்ணச் சொல்வதை வீட்டாரே செய்து, தெரியவில்லை என்றால் அதை மருத்துவரிடம் முதல் வார்த்தையாகச் சொல்லலாம்.

முதல்ல பார்த்த டாக்டர் கண்ணு நரம்பு நல்லா இருக்குன்னாரு. ஒரு மாசம் கழிச்சு இன்னொருத்தர் நரம்பு வெளிறிப் போச்சுங்காரு. யாரு சொன்னது சரி?

இருவர் சொன்னதும் சரியாக இருக்கலாம். கண்ணுக்குள் கருவியால் பார்க்கும்போது தெரிவது நரம்பின் முன்முனை மட்டும். அடி விழுந்த கால்வாய் அதற்கு இரண்டரை, மூன்று சென்டிமீட்டர் பின்னால் இருக்கிறது. அறுபட்ட இழைகள் அங்கிருந்து முன்னோக்கி அழிந்து வந்து, நரம்பின் முனை வெளிறித் தெரிய மூன்று முதல் ஆறு வாரம் ஆகும். எனவே முதல் நாளில் உட்கண் படம் இயல்பாக இருப்பது இந்த நோயில் எதிர்பார்க்கத்தக்கதே. அன்றைக்குச் சேதத்தைக் காட்டக்கூடியது மேலே சொன்ன டார்ச் சோதனைதான்.

ஸ்கேன்ல எலும்பு முறிவு இல்லன்னு வந்துட்டு. பயப்பட வேண்டாம்தானே?

முறிவு இல்லாமலும் பார்வை போகலாம். முறிவு இருந்தும் பார்வை நன்றாக இருக்கலாம். காரணம் முன்பே சொன்னதுதான்: நரம்பைக் கெடுப்பது இழுப்பும் வீக்கமும், எலும்பு உடைந்ததா என்பது தனிக் கேள்வி. சி.டி. ஸ்கேன் எலும்பைக் காட்டும். அதுவும் 1 மி.மீ. அளவு மெல்லிய வெட்டுகளாக எடுத்தால்தான் இந்தச் சிறு கால்வாய் தெளிவாகத் தெரியும், சாதாரணத் தலை ஸ்கேனில் தவறிவிடக்கூடும். நரம்பை நன்றாகக் காட்டுவது எம்.ஆர்.ஐ. கண்ணுக்குள் இரும்புத் துகள் இருக்கலாம் என்ற ஐயம் இருந்தால் அதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். காந்தப்புலத்தில் அந்தத் துகள் நகர்ந்துவிடும்.

எலும்பைத் திறந்து விட்டா நெரிசல் போயிருமே? இல்லன்னா ஸ்டீராய்டு ஊசி போட்டா?

கேட்கும்போது நியாயமாகவே படும். கால்வாயின் உள்சுவரை மூக்கு வழியாக, சைனஸின் உள்ளிருந்து மெல்ல எடுத்து நரம்புக்கு இடம் கொடுக்கும் அறுவை முறை உண்மையிலேயே இருக்கிறது. ஆனால் 1999-இல் வெளியான பன்னாட்டு ஆய்வு ஒன்று, எதுவும் செய்யப்படாதவர்கள், ஸ்டீராய்டு பெற்றவர்கள், அறுவை செய்துகொண்டவர்கள் ஆகியோரை ஒப்பிட்டபோது, எந்த முறையாலும் தெளிவான நன்மை தெரியவில்லை. எதுவும் செய்யாமலே ஓரளவு பார்வை திரும்பியவர்களும் இருந்தார்கள். எலும்புத் துணுக்கு நரம்பில் குத்தி நிற்கும்போதோ, முதலில் தெரிந்த பார்வை பிறகு குறைந்துகொண்டே வரும்போதோ அறுவையைப் பற்றி மருத்துவர்கள் யோசிப்பார்கள்.

ஸ்டீராய்டைப் பொறுத்தவரை கூடுதல் எச்சரிக்கை தேவை. தலைக்காயம் பட்ட 10,008 பேரை வைத்து நடந்து 2004-இல் வெளியான கிராஷ் ஆய்வில், அதிக அளவு ஸ்டீராய்டு பெற்றவர்களில் 21.1 சதவீதம் பேர் இரண்டு வாரத்துக்குள் இறந்தார்கள், பெறாதவர்களில் 17.9 சதவீதம். ஆப்டிக் நியூரைட்டிஸ் நோய்க்குச் சிரைவழி ஊசியாக ஸ்டீராய்டு கொடுத்துத் தேறியவரைப் பார்த்துவிட்டு, அடிபட்டவருக்கும் அதையே கொடுங்கள் என்று மருத்துவரை வற்புறுத்துகிறவர்கள் உண்டு. அது வீக்க நோய், இது காயம். ஒன்றின் மருந்து மற்றதற்குப் பொருந்தும் என்று கொள்ளக் கூடாது.

மூக்கடைப்பு, சைனஸ் இருந்தா கண்ணு பார்வைக்கும் கேடா?

சாதாரணச் சளிக்கும் மூக்கடைப்புக்கும் இந்தப் பயம் வேண்டாம். ஆனால் கால்வாயின் உள்சுவர் எவ்வளவு மெல்லியது என்பதை மூன்றாம் கேள்வியில் பார்த்தோம். ஸ்பீனாய்டு சைனஸில் சீழோ பூஞ்சையோ கோழைக்கட்டியோ நிறைந்தால் அது நரம்பை எட்ட முடியும். 2021-இல் கொரோனா இரண்டாம் அலையின்போது சர்க்கரை நோயாளிகள் பலரின் கண்ணைப் பறித்த கருப்புப் பூஞ்சை, மூக்கிலிருந்து சைனஸ் வழியாகக் கண்குழியின் முனைக்கும் கண் தமனிக்கும் பரவியதுதான்.

சைனஸ் அறுவை செய்பவர்கள் இந்தச் சுவரை அச்சத்தோடு மதிக்கிறார்கள். சைனஸின் உள்ளிருந்து பார்த்தால் அதன் வெளிச்சுவரில் மேலே பார்வை நரம்பின் புடைப்பும் கீழே உள் கரோட்டிட் தமனியின் புடைப்பும் தெரியும். இரண்டுக்கும் நடுவே ஒரு குழிவு இருக்கும். சிலருக்கு, மூக்குக்கும் கண்குழிக்கும் இடையே பின்புறமுள்ள எத்மாய்டு காற்றறை ஒன்று மேலேறி வந்து நரம்பைச் சூழ்ந்துகொள்ளும். இதற்கு ஓனோடி அறை என்று பெயர். அறுவைக்கு முன்பு சி.டி. எடுக்கச் சொல்வது வீண் செலவு என்று நினைப்பவர்கள், அந்தப் படத்தில் மருத்துவர் முதலில் தேடுபவற்றுள் இதுவும் ஒன்று என்று அறிந்தால் அப்படி நினைக்க மாட்டார்கள்.

பிரஷர் கூடிக் கண்ணு நரம்பு கெடுதுன்னு சொல்றாங்களே, அதுவும் இந்த ஓட்டையிலதானா?

இல்லை. கண் அழுத்த நோய் நரம்பைக் கெடுப்பது விழிக்கோளத்தின் பின்சுவரில், நரம்பு கண்ணை விட்டு வெளியேறும் சல்லடை போன்ற இடத்தில்.

ரிப்போர்ட்ல ஒரு பக்கத்துக் கால்வாய் பெருசா இருக்குன்னு எழுதியிருக்கு. கட்டியா?

இரு பக்கமும் அச்சடித்ததுபோல ஒன்றாக இருப்பதில்லை; சிறு வேறுபாடு இயல்பு. ஒரு பக்கம் மற்றதைவிட 1 மி.மீ.-க்கு மேல் பெரிதாக இருந்தாலோ, அகலம் 7 மி.மீ.-ஐத் தாண்டினாலோ மேலும் பார்க்க வேண்டும். மெதுவாக வளரும் கட்டி எலும்பை அழுத்தி அழுத்திக் கால்வாயை விரிக்கும். குழந்தைகளில், முக்கியமாக உடலில் காப்பி நிறத் திட்டுகள் தோன்றும் நியூரோஃபைப்ரோமடோசிஸ் முதல் வகை உள்ளவர்களில், பார்வை நரம்பிலேயே வளரும் கிளையோமா என்ற கட்டி இப்படிச் செய்வதுண்டு.

கால்வாய் சுருங்குவதும் நோயே. எலும்பு அளவுக்கு மீறித் தடிக்கும் ஆஸ்டியோபெட்ரோசிஸ், ஃபைப்ரஸ் டிஸ்ப்ளேசியா போன்றவற்றில் அப்படி நேரலாம். நரம்பின் உறையிலிருந்தே எழும் மெனிஞ்சியோமா என்ற கட்டி கால்வாய்க்குள் தோன்றினால், கடுகளவில் இருக்கும்போதே பார்வையைக் குறைத்துவிடும். இடமில்லாத இடம் அல்லவா. காரணம் பிடிபடாமல் ஒரு கண்ணில் மட்டும் மாதக்கணக்கில் பார்வை மங்கி வருகிறது, கண்ணாடி மாற்றியும் தெளியவில்லை என்றால், கால்வாயைக் குறிவைத்து எடுத்த எம்.ஆர்.ஐ. வேண்டுமா என்று மருத்துவரிடம் கேட்பதில் தவறில்லை.

நரம்பு போச்சுன்னா கண்ணையே மொத்தமா மாத்திர முடியாதா? கண் தானம் எல்லாம் செய்றாங்களே?

கண் தானத்தில் பார்வைக்காகப் பொருத்தப்படுவது கருவிழி என்னும் முன்பக்கத் தெளிவான படலம் மட்டும். பார்வை நரம்பில் பத்து லட்சத்துக்கு மேற்பட்ட இழைகள் உள்ளன. அது மூளையின் பகுதி என்று நான்காம் கேள்வியில் சொன்னோம். கை, கால் நரம்புகளுக்கு உள்ள மீண்டும் வளரும் ஆற்றல் அதற்கு இல்லை. 2023-இல் நியூயார்க்கில் ஒருவருக்கு முகத்தின் ஒரு பகுதியோடு முழுக் கண்ணையும் பொருத்தினார்கள். அந்தக் கண் இரத்த ஓட்டத்தோடு உயிருடன் இருந்தது, பார்வை வரவில்லை. கருவிழி வெளுத்துப் பார்வை இழந்தவர்கள் பலருக்கு இன்று செய்யப்படும் கருவிழித் தானமே பலன் தரும் என்பதால், இதைக் கேட்டுவிட்டுக் கண் தான விருப்பத்தை யாரும் கைவிட வேண்டாம்.

வைவாவுல கேட்டாங்க சாரே: ரெண்டு கால்வாய்க்கும் நடுவுல உள்ள பள்ளத்துலதானே ஆப்டிக் கையாஸ்மா உக்காரும்?

இரு கால்வாய்களின் மூளைப்பக்க வாய்களையும் இணைத்து ஸ்பீனாய்டு உடலின் மேல் ஓர் ஆழமற்ற பள்ளம் ஓடுகிறது. அதற்குக் கையாஸ்மாப் பள்ளம் என்று பெயர். அந்தப் பெயரைப் பார்த்துப் பலரும் இரு நரம்புகளும் குறுக்கிடும் கையாஸ்மா அதில்தான் படுத்திருக்கும் என்று எழுதிவிடுகிறார்கள். நரம்புகள் கால்வாயை விட்டு வந்தபின் மேலும் 10 மி.மீ. அளவு பின்னோக்கியும் மேல்நோக்கியும் போன பிறகே சந்திக்கின்றன என்பதை நீள அளவுகளில் பார்த்தோம். ஆகவே பெரும்பாலானோரில் கையாஸ்மா பள்ளத்துக்குப் பின்னால், பிட்யூட்டரி சுரப்பியின் கூரைக்கு மேலே, நீரில் மிதந்தாற்போல் இருக்கிறது. பிட்யூட்டரிக் கட்டி கணிசமாக மேல்நோக்கி வளர்ந்த பிறகே பார்வையின் இரு வெளிப்புறங்களும் மறையத் தொடங்குவதற்கு இந்த இடைவெளி காரணம்.

எங்க எலும்பு அறையில ஒரு மண்டையோட்டுல வலது பக்கம் ரெண்டு ஓட்டை இருக்கு. உடைஞ்சதா, இல்ல அப்படியேதானா?

விளிம்பைப் பாருங்கள். உடைந்த எலும்பின் விளிம்பு கூராகவும் ஒழுங்கற்றும், உள்ளே நுண்துளைகள் தெரியும்படியும் இருக்கும். பிறவியிலேயே அமைந்த துளையின் விளிம்பு வழுவழுப்பாக உருண்டிருக்கும். பெரிய துளைக்குக் கீழே, ஆப்டிக் ஸ்ட்ரட்டைத் துளைத்துக்கொண்டு சிறியதொரு துளை இருந்தால், அது இரட்டைக் கால்வாய் என்ற அரிய மாறுபாடு: மேலே நரம்பு, கீழே தனி வழியாகக் கண் தமனி. நரம்போடு ஒரே உறைக்குள் செல்ல வேண்டிய தமனியைச் சுற்றி, கருவில் எலும்பு தனியே மூடிக்கொண்டதன் விளைவு இது.

உறுதிசெய்ய முதல் விடையில் சொன்ன ஈர்க்கிலையே எடுங்கள். இரண்டு துளைகளிலும் ஒவ்வொன்றாக விடுங்கள். இரண்டும் முன் கிளினாய்டு முனைக்கு உள்பக்கமாகவே வெளிவந்தால் இரட்டைக் கால்வாய். ஒன்று சிறிய இறக்கைக்குக் கீழே போனால் நீங்கள் பார்த்தது பிளவின் உள்முனை. இரட்டைக் கால்வாய்தான் என்று தெரிந்தால், அந்த மண்டையோட்டை மாணவர்களின் தினசரிப் பயிற்சிக்கு விடாமல், சீட்டு ஒட்டித் தனிப் பெட்டியில் வைக்கும்படி துறையில் சொல்லிவிடுங்கள்.